எண்ணெய் ஊரின் இரு குரல்கள்: யூ.ஜி.கே.யைக் கேட்கப் பழகிய கதை

யூ.ஜி.கே. என்ற ராப் இணையைக் கேட்டுப் பார்க்கிறேன் என்று சொல்லும் நண்பர்களுக்கு நான் போடும் முதல் நிபந்தனை, கைப்பேசி ஸ்பீக்கரில் கேட்கக் கூடாது என்பது. அந்தப் பாடல்களின் உயிர் முழுவதும் கீழ் ஸ்தாயியில் இருக்கிறது. பேஸ் கிடார், ஆர்கனின் அடித்தளம், டிரம் மெஷினின் கனத்த உதை எல்லாம் அங்கேதான். கைப்பேசியின் சின்ன ஸ்பீக்கரால் அந்த ஒலிகளைத் தர முடியாது. மிஞ்சுவது இரண்டு ஆண்கள் ஏதோ பேசிக்கொண்டே போகும் சத்தம். அதைக் கேட்டுவிட்டு, "இதற்கா இவ்வளவு பெருமை பேசினாய்?" என்று என்னைப் பிடித்துக்கொள்வார்கள். நல்ல ஸ்பீக்கர் உள்ள கார் கிடைத்தால் உத்தமம். இல்லையென்றால் காதை முழுவதும் மூடும் ஹெட்ஃபோன். அதுவும் இல்லையென்றால் இன்னொரு நாள் கேட்கலாம், பாட்டு எங்கும் ஓடிவிடாது.

தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். யூ.ஜி.கே. என்பது அண்டர்கிரவுண்ட் கிங்ஸ். டெக்சாஸின் தென்கிழக்கு மூலையில், லூசியானா எல்லைக்குப் பக்கத்தில் இருக்கும் போர்ட் ஆர்தர் என்ற ஊரில் வளர்ந்த இருவரின் ராப் இணை. பெர்னார்ட் ஃப்ரீமன் மேடையில் பன் பி ஆனார், சாட் பட்லர் பிம்ப் சி ஆனார். இருவரும் 1973-இல் பிறந்தவர்கள். 1992-இலும் 1994-இலும் இரண்டு ஆல்பங்கள் வெளியிட்டார்கள். 1996 ஜூலை 30 அன்று 'ரைடின் டர்ட்டி' வந்தது. சட்டவிரோதப் பொருளை வண்டியில் வைத்துக்கொண்டு ஓட்டுவதைத் தெருவில் அப்படிச் சொல்வார்கள். வீடியோ இல்லை, தனிப்பாடலாக எதையும் வெளியிட்டு வானொலிக்குத் தள்ளவும் இல்லை. ஆனாலும் அமெரிக்க இசை விற்பனையைத் தரவரிசைப்படுத்தும் பில்போர்டின் பொதுப் பட்டியலில் 15-ஆம் இடத்துக்கும் கறுப்பின இசைக்கான பட்டியலில் 2-ஆம் இடத்துக்கும் போனது. பிறகு தங்கச் சான்றிதழும் வாங்கியது. அமெரிக்கக் கணக்கில் அதற்கு ஐந்து லட்சம் பிரதிகள் வேண்டும்.

எனக்கு இந்த ஆல்பம் வேலை வழியாக வந்தது. ஹூஸ்டனில் இருந்துகொண்டு எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலைகளில் பராமரிப்புக்காக இயக்கத்தை நிறுத்தும் ஷட்டவுன் நடக்கும்போது ஆய்வுப் பணிக்குப் போகும் பொறியாளர் நான். குழாயின் தடிமன் எவ்வளவு தேய்ந்திருக்கிறது, வெல்டில் விரிசல் உண்டா என்று பார்ப்பதுதான் தொழில். ஷட்டவுன் என்றால் பன்னிரண்டு மணி நேர ஷிப்ட், வாரக்கணக்கில் இடைவெளி இல்லாத வேலை. போர்ட் ஆர்தர் பக்கம் வேலை விழுந்தால், பைப் ஃபிட்டர் ஒருவருடைய பிக்கப் வண்டியில் நானும் தொற்றிக்கொள்வேன். போர்ட் ஆர்தரின் மேற்குப் பகுதியில் பிறந்து வளர்ந்த கறுப்பினத்தவர் அவர். என்னைவிடப் பத்து வயதாவது மூத்தவர். அதிகம் பேச மாட்டார். வண்டி ஐ-10 நெடுஞ்சாலையில் ஏறியதும் 'ரைடின் டர்ட்டி'யை முதலிலிருந்து ஓடவிடுவார். வார்த்தைகளை இப்போது துரத்தாதே, அவை தாமாக வரும் என்பார். நான் இதுவரை வாங்கிய இசைப் பாடங்களிலேயே உருப்படியானது அதுதான். நம்மில் பலர் ராப் என்றதும் வரிகளைத் தேடி இணையத்துக்கு ஓடுகிறோம். வரிகளைப் படித்துக்கொண்டே கேட்டால் காது வேலை செய்வதை நிறுத்திவிடுகிறது.

ஹூஸ்டனிலிருந்து கிழக்கே போனால் வின்னி என்ற சிற்றூரில் 73-ஆம் எண் சாலை பிரியும். அங்கிருந்து நேராகப் போர்ட் ஆர்தர். மொத்தம் ஏறத்தாழ 90 மைல். நிலம் அப்படியே தட்டையாகக் கிடக்கும். இருபுறமும் நெல் வயல், சதுப்பு நிலம், மேயும் மாடுகள், கொக்குகள். டெக்சாஸில் நெல் விளையும் என்பதை நம்பாத என் மாமனாரை அந்தச் சாலையில் ஒருமுறை அழைத்துக்கொண்டு போய் நம்ப வைத்தேன். வளைவே இல்லாத சாலை, அவசரப்படாத வண்டி, பின்னணியில் இந்த ஆல்பம். அந்த வேகத்துக்கென்றே அளவெடுத்தது போல இருக்கும் தாளம். நியூயார்க் ராப்பை நடந்துகொண்டோ சுரங்க ரயிலிலோ கேட்கலாம். இது காருக்குள் வாழும் இசை. தொண்ணூறுகளில் ஹூஸ்டனில் டி.ஜே. ஸ்க்ரூ என்பவர் பாடல்களை வேண்டுமென்றே வேகம் குறைத்துக் கேசட்டில் பதிவு செய்து விற்றுக்கொண்டிருந்தார். அந்தக் கேசட்டுகளும் கார்களில்தான் சுற்றின. யூ.ஜி.கே.யின் முதல் பாடல்களும் ஹூஸ்டனில் சந்தைக் கடை வைத்திருந்த ஒருவரின் சிறிய லேபிளில் கேசட்டாக வந்தவைதான். வானொலி கைவிட்ட ஊரில் காரே வானொலி ஆகிவிட்டது.

வார்த்தைகளைத் துரத்தாமல் எதைக் கேட்பது? முதலில் வாத்தியங்களை. பிம்ப் சி வெறும் பாடகர் அல்லர், அந்த இசையைக் கட்டியவரும் அவர்தான். அப்பா டிரம்பெட் வாசித்தவர். மாற்றாந்தந்தை பள்ளியில் பேண்ட் இசை சொல்லிக்கொடுத்தவர். பையன் பியானோ பழகி, பள்ளிக் குழுவில் செவ்வியல் பாடல்கள் பாடி வளர்ந்தவன். அந்தப் பயிற்சி ஆல்பம் முழுவதும் தெரிகிறது. தேவாலயத்தில் கேட்கும் ஆர்கன், ப்ளூஸ் வாடை அடிக்கும் கிடார், பாட்டுக்குள் பாட்டாக ஓடும் பேஸ். லூசியானாவின் என்.ஓ. ஜோ இந்த ஆல்பத்தில் அவருடன் சேர்ந்து இசையமைத்தார். இவர்கள் செய்வதை ஹிப்ஹாப் என்று சொல்வதைவிட 'கன்ட்ரி ராப் ட்யூன்ஸ்' என்று சொல்வதையே பிம்ப் சி விரும்பினார். நியூயார்க் பத்திரிகைகள் பட்டிக்காட்டான்கள் என்று ஒதுக்கிய காலத்தில் அந்தப் பட்டத்தைத் தானே எடுத்து மாட்டிக்கொண்ட தெனாவட்டு எனக்குப் பிடிக்கும்.

அடுத்த கட்டமாக, ஒருமுறைக்கு ஒரு குரலை மட்டும் பின்தொடருங்கள். இது பலருக்கு வேலை செய்திருக்கிறது. பன் பியின் குரல் அடர்த்தியான கட்டைக்குரல். எழுத்தெண்ணி அடுக்கியது போன்ற சொற்கட்டு, மூச்சு எங்கே விடுகிறார் என்றே தெரியாது. பிம்ப் சியின் குரல் மூக்கிலிருந்து இழுத்து வருவது. கடைசி அசையை நீட்டி, கொஞ்சம் திமிராக, கொஞ்சம் அழுகையாக. இருவரையும் ஒன்றாகக் கேட்டால் குழப்பம். பன் பியை மட்டும் ஒரு நாள், பிம்ப் சியை மட்டும் இன்னொரு நாள் என்று கேட்டால், மூன்றாவது தடவை இருவரும் ஒருவருக்கொருவர் எப்படி இடம் விட்டுக்கொடுக்கிறார்கள் என்பது தானாகவே புலப்படும். நம் கச்சேரிகளில் தனி ஆவர்த்தனம் கேட்டுப் பழகியவர்களுக்கு இது ஒன்றும் பெரிய வித்தை இல்லை.

'ஒன் டே' என்ற பாடலில் தொடங்குவது நல்லது. ஐஸ்லி பிரதர்ஸ் குழுவின் எழுபதுகளின் பாட்டு ஒன்றிலிருந்து எடுத்த இழை, அதன்மேல் ரானி ஸ்பென்சரின் பாட்டு. இன்றைக்கு இருப்பவன் நாளைக்கு இல்லை என்பதுதான் பொருள். இதைச் சொல்லாத மொழி உலகத்தில் கிடையாது, நம்மிடம் சித்தர் பாடல்களே குவிந்து கிடக்கின்றன. ஆனால் இங்கே தத்துவம் பேசுவதில்லை. பிம்ப் சி தன் பகுதியில் தீ விபத்தில் குழந்தையைப் பறிகொடுத்த ஒரு நண்பனைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறார். யார் அந்த நண்பன், எந்தத் தெரு, எப்போது நடந்தது என்று எந்த விளக்கமும் இல்லை. தெரிந்தவர்களிடம் பேசுவது போல ஒரே மூச்சில் சொல்லிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுகிறார். பாடல்களுக்கு நடுவே சிறையிலிருந்த நண்பர் ஒருவர் டேப்பில் பதிவு செய்து அனுப்பிய பேச்சுகளையும் சேர்த்திருக்கிறார்கள். அவரையும் நமக்கு யாரும் அறிமுகம் செய்து வைப்பதில்லை.

சென்னையில் மணலிப் பக்கம் வளரும் என் அண்ணன் மகன் தமிழில் ராப் எழுதுகிறான். இந்த ஆல்பத்தைக் கேட்கச் சொல்லி அனுப்பினேன். கேட்டுவிட்டுத் தொலைபேசியில் அழைத்தான். "சித்தப்பா, சின்ன ஊரைப் பற்றிய ஆல்பம் என்றீர்கள். இதில் ஊர் எங்கே வருகிறது? ஆலையைப் பற்றி ஒரு பாட்டுக்கூட இல்லையே?" என்று கேட்டான். சரியான கேள்வி. நான் புரிந்துகொண்ட வரையில் பதில் இதுதான்: இவர்கள் ஊரைப் பற்றிப் பாடவில்லை, ஊருக்குள் இருந்து ஊர்க்காரர்களிடம் பாடுகிறார்கள். போர்ட் ஆர்தர்க்காரனுக்குப் புகைபோக்கியை யாரும் சுட்டிக்காட்ட வேண்டியதில்லை. வெளியூர்க்காரனுக்கு விளங்க வேண்டுமே என்று ஒரு வரியைக்கூட அவர்கள் நிறுத்திச் சொல்வதில்லை. ஊர், அந்த ஆர்கனிலும் இழுத்த உச்சரிப்பிலும் அறிமுகமில்லாத பெயர்களிலும் இருக்கிறது.

அவன் எழுதும் பாட்டுகளில் நான்கு வரிக்கு ஒருமுறை 'மணலி' வந்துகொண்டிருந்தது. கூடவே ஆலை, புகை, கொசஸ்தலை ஆறு என்று ஒரு பட்டியல், தெரியாதவர்களுக்குச் சுற்றிக் காட்டுவது போல. பட்டியலைக் குறைத்துக்கொள், உன் தெருவில் சாவு வீட்டுக்கு வாசிக்க வருபவர்களில் யார் கை நன்றாக இருக்கிறதோ அவரை அழைத்துப் பதிவு செய், உன் பாட்டி பேசுவது போலவே பேசு என்று சொன்னேன். நான் இசைக்கலைஞன் இல்லை. ஆனால் நானும் மணலியில் வளர்ந்தவன்தான். ஆலைக் குழாய் உச்சியில் இரவில் எரியும் ஃப்ளேர் தீயின் வெளிச்சத்தில் பாடம் படித்தவன். அந்த வெளிச்சத்தை நாங்கள் யாரும் ஒருவருக்கொருவர் வர்ணித்துக்கொண்டதில்லை. எனவே இந்த ஒரு விஷயத்தில் எனக்குக் கொஞ்சம் உரிமை உண்டு என்று எடுத்துக்கொண்டேன். பையன் இன்னும் முழுதாக ஒப்புக்கொள்ளவில்லை.

ஊரின் கதை தெரிந்தால் ஆல்பத்தின் கசப்பு வேறு மாதிரி கேட்கும். கான்சஸ் நகரிலிருந்து கடலுக்கு ரயில் பாதை போட்ட ஆர்தர் ஸ்டில்வெல் என்பவர் தன் பெயரையே வைத்து 1895 வாக்கில் உருவாக்கிய துறைமுகம் இது. 1901 ஜனவரி 10 அன்று பக்கத்துப் போமாண்டில், ஸ்பிண்டில்டாப் என்ற மேட்டில் எண்ணெய் பீறிட்டு அடித்தது. அதைத் தொடர்ந்து கல்ஃப், டெக்சாகோ என்ற எண்ணெய் நிறுவனங்களின் ஆலைகள் இங்கே வந்தன. ஊரில் பாதிப்பேர் ஏதோ ஒரு வகையில் ஆலைச் சோறு தின்றவர்கள். அறுபதுகளின் ராக் பாடகி ஜானிஸ் ஜாப்ளின் பிறந்த ஊரும் இதுதான், அவருடைய அப்பாவும் டெக்சாகோவில் வேலை பார்த்தவர். லூசியானா கறுப்பினத்தவரின் ஜைடிகோ இசைக்கு அரசரான கிளிஃப்டன் ஷெனியே, லூசியானாவிலிருந்து வந்து இங்கே ஆலையில் உழைத்துக்கொண்டே அக்கார்டியன் வாசித்தவர். பிம்ப் சியின் இசையில் லூசியானா வாடை எங்கிருந்து வந்தது என்று தனியாகத் தேட வேண்டியதில்லை.

1986-இல் கச்சா எண்ணெய் விலை பாதிக்கும் கீழே விழுந்தது. ஆலைகள் ஆட்களைக் குறைத்தன. கல்ஃப் நிறுவனமே அதற்குள் செவ்ரானில் கரைந்துபோயிருந்தது. பன் பிக்கும் பிம்ப் சிக்கும் அப்போது பன்னிரண்டு, பதின்மூன்று வயது. அதே ஆண்டுகளில்தான் கிராக் கொக்கெய்ன் தெருவுக்கு வந்தது. அப்பா தலைமுறைக்கு இருந்த ஆலை வேலை மகன் தலைமுறைக்கு இல்லை, ஆனால் தெருமுனையில் வேறொரு வேலை தயாராக இருந்தது. 1960 கணக்கெடுப்பில் 66 ஆயிரத்துக்கும் மேல் இருந்த ஊரின் மக்கள்தொகை 2020-இல் சுமார் 56 ஆயிரம். வேடிக்கை என்னவென்றால் ஆலைகள் சிறுத்துவிடவில்லை. பழைய டெக்சாகோ ஆலை இன்றைக்கு மோட்டிவா என்ற நிறுவனத்துடையது. 2012-இல் விரிவாக்கி, நாளொன்றுக்கு ஆறு லட்சம் பீப்பாய்க்கு மேல் சுத்திகரிக்கும் அளவுக்கு வளர்ந்துவிட்டது. ஆலை பெருத்துக்கொண்டே போக, வேலிக்கு வெளியே இருக்கும் மேற்குப் பகுதி காலியாகிக்கொண்டே வந்திருக்கிறது. அந்தப் பகுதியில் பிறந்த ஹில்டன் கெல்லி என்பவர் ஆலைப் புகைக்கு எதிராகப் போராடி 2011-இல் கோல்ட்மன் சுற்றுச்சூழல் பரிசு பெற்றார். அந்த வேலிக்குள் போய்ச் சம்பாதிக்கும் ஆள் நான். ஷிப்ட் முடிந்து வெளியே வரும்போது பிக்கப்பில் இந்தப் பாட்டு ஓடினால், வேலிக்கு இரண்டு பக்கமும் கண் போகத்தான் செய்கிறது.

இனி சங்கடமான பகுதி. வரிகளைப் படிக்கத் தொடங்கியதும் பலர் அதிர்ந்து நிறுத்திவிடுவார்கள், அதில் நியாயம் உண்டு. போதைப்பொருள் விற்பனை, துப்பாக்கி, பெண்களைப் பற்றிய மோசமான பேச்சு எல்லாம் தாராளமாக இருக்கிறது. பிம்ப் சி என்ற பெயரிலேயே, பெண்களை வைத்துத் தொழில் நடத்துபவன் என்று பொருள்படும் 'பிம்ப்' இருக்கிறது. இது அந்தக் காலம், அந்தச் சூழல் என்று சப்பைக்கட்டு கட்ட எனக்கு விருப்பமில்லை. பெண்களைப் பற்றிய சில பாடல்களை நான் தாண்டிவிடுகிறேன். என் மனைவி அந்தக் குரலை வீட்டில் ஓடவே விடக்கூடாது என்று சொல்லிவிட்டார், அது அவருடைய உரிமை. போதைப்பொருள் பாடல்கள் வேறு வகை. அவற்றில் பெருமிதமும் பயமும் கலந்தே வரும். விற்பவன் தூங்காமல் சன்னல் ஓரத்தில் நிற்கும் பாட்டும் உண்டு, பணத்தை எண்ணும் பாட்டும் உண்டு. இரண்டையும் சேர்த்துக் கேட்டால்தான் கணக்குச் சரியாகும். நடைமுறை ஆலோசனை இதுதான்: குழந்தைகள் இருக்கும் காரில் வேண்டாம், அலுவலகத்தில் வேண்டவே வேண்டாம். பாட்டு ஓடும் செயலியில் கெட்ட வார்த்தை நீக்கிய பதிப்பு கிடைத்தால், இசையை மட்டும் பழகிக்கொள்ள அது உதவும்.

இந்த இருவரின் ஊர்ப்பிடிவாதத்துக்கு எனக்குப் பிடித்த உதாரணம் 'ரைடின் டர்ட்டி'க்குப் பிறகு நடந்தது. ஜே-ஸீ என்ற நியூயார்க் நட்சத்திரம் 'பிக் பிம்பின்' பாட்டில் சேர்ந்துகொள்ள அழைத்தார். வேறு யாராக இருந்தாலும் ஓடியிருப்பார்கள். பிம்ப் சிக்கு அது தங்கள் சத்தமில்லை என்று தோன்றியது. எகிப்தியப் பாட்டிலிருந்து எடுத்த குழல் இசை, ஆர்கன் இல்லை, ப்ளூஸ் இல்லை. பன் பி எவ்வளவோ சொல்லியும் மிகச் சிறிய ஒரு பகுதியை மட்டும் பாடிக் கொடுத்தார். டிரினிடாட் கார்னிவலில் வீடியோ எடுத்தபோது அங்கே போக மறுத்துவிட்டார். மயாமியில் அவருக்கென்று தனியாக எடுத்து ஒட்டினார்கள், அந்த வெயிலில் மிங்க் ரோமக் கோட் போட்டுக்கொண்டு நிற்பார். பாட்டு பெரும் வெற்றி. அந்தச் சில வரிகளை இன்றைக்கும் ஜனங்கள் சேர்ந்து பாடுகிறார்கள். முரண்டு பிடித்தவர் சொன்னதுதான் சரி என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் தனக்கு எந்தச் சத்தம் சொந்தம் என்பதில் அந்த மனிதருக்குச் சந்தேகமே இருந்ததில்லை.

நேரில் போர்ட் ஆர்தர் போய்ப் பார்க்க விரும்புகிறவர்களுக்குச் சில குறிப்புகள். கோடையைத் தவிர்த்துவிடுங்கள். ஜூன் முதல் நவம்பர் வரை புயல் காலம், ஜூலையில் புழுக்கமும் கொசுவும் சேர்ந்து ஆளைத் தின்னும். ஆலை வேலி அருகே நின்று கேமராவை எடுக்காதீர்கள். பொதுச் சாலையில்தானே நிற்கிறோம் என்று வாதாடலாம். ஆனாலும் காவல் வண்டி வந்து நின்று பெயர், ஊர், வேலை எல்லாம் விசாரித்து அரை மணி நேரத்தைத் தின்றுவிடும். நம் முகத்துக்கு இன்னும் கொஞ்சம் கூடுதலாகவே கேள்விகள் வரும். ஆலையைப் பார்க்க வேண்டுமென்றால் இரவில், வண்டியை நிறுத்தாமல் ஓட்டிக்கொண்டே பாருங்கள்.

நகர மையத்தில் ப்ராக்டர் தெரு. பழைய பெரிய கட்டடங்கள் பல காலியாக, சன்னல்கள் பலகை அடித்து மூடிக் கிடக்கும். அங்கேதான் மியூசியம் ஆஃப் தி கல்ஃப் கோஸ்ட் இருக்கிறது. ஜானிஸ் ஜாப்ளினின் வண்ணம் தீட்டிய போர்ஷே காரின் நகலை அங்கே பார்க்கலாம். பக்கத்திலேயே கடல் தடுப்புக் கரை. அதன் கீழே நின்றால், எண்ணெய்க் கப்பல் ஒன்று நம் தலைக்கு மேலே தெரு முனையில் நகர்ந்து போவது தெரியும், பார்த்தால்தான் நம்ப முடியும். 1938-இல் திறந்த ரெயின்போ பாலத்தின் மேல் ஏறினால் ஆறு 177 அடி கீழே. உயரம் ஒத்துவராதவர்கள் வண்டியை ஓட்டாமல் பக்கத்து இருக்கையில் உட்காருங்கள்.

சாப்பாடு விஷயத்தில் சைவக்காரர்கள் முன்யோசனையோடு போக வேண்டும். கம்போ என்ற ஊர்க்குழம்பு சாஸேஜோ இறாலோ இல்லாமல் வராது, காய்கறி என்று எழுதியிருக்கும் கீரையிலும் பன்றி இறைச்சித் துண்டு கிடக்கும். ஆனால் எழுபதுகளின் இறுதியிலிருந்து வியட்நாமியர்கள் இங்கே குடியேறி இறால் படகு ஓட்டுகிறார்கள். அவர்களுடைய கடைகளில் டோஃபு கிடைக்கும். அவர்களுடைய பூ மோன் புத்தர் கோயிலின் தாமரைக் குளத்தை மட்டும் கோடையில் பார்த்தால் நல்லது. மேலே சொன்ன கொசு ஆலோசனைக்கு இது ஒன்றுதான் விதிவிலக்கு.

ஊர்க்காரர்களிடம் பேச்சுக் கொடுக்கும்போது போதைப்பொருளையும் சிறையையும் முதலில் எடுக்காதீர்கள். பிம்ப் சி 2002 தொடக்கத்திலிருந்து 2005 இறுதி வரை சிறையில் இருந்தது எல்லோருக்கும் தெரியும். வெளியூர்க்காரர் வாயிலிருந்து அது வந்தால் முகம் மாறிவிடும். அவருடைய அம்மாவைப் பற்றிக் கேளுங்கள். 'மாமா வெஸ்' (ஆங்கிலத்தில் 'மாமா' என்றால் அம்மா) என்று ஊரே அழைத்த அந்த அம்மையார்தான் குழுவின் வரவு செலவு முதல் பயணம் வரை பார்த்துக்கொண்டவர். அவரைப் பற்றிப் பேச்செடுத்தால் கதைகள் கொட்டும். அல்லது 2017 ஹார்வி புயலைப் பற்றிக் கேளுங்கள். ஊர் முழுக்க வெள்ளத்தில் மூழ்கியபோது, நிவாரண நிதிக்கான தொலைக்காட்சி நிகழ்ச்சியை முன்னின்று தொடங்கியவர் பன் பி. நாலு கோடி டாலருக்கு மேல் சேர்ந்தது. ஹூஸ்டனின் ரைஸ் பல்கலைக்கழகத்தில் மதமும் ஹிப்ஹாப்பும் என்ற பாடத்தைப் பேராசிரியர் ஒருவருடன் சேர்ந்து 2011-இல் நடத்தியவரும் இதே பன் பிதான். எங்கள் வட்டாரத்தில் ராப் என்றால் முகம் சுளிக்கும் பெற்றோர்களிடம் இந்தத் தகவலை நான் தயக்கமில்லாமல் பயன்படுத்திக்கொள்கிறேன். ரைஸ் என்ற பெயருக்குத் தமிழ்ப் பெற்றோரிடம் இருக்கும் மரியாதை அப்படிப்பட்டது.

எந்த வரிசையில் கேட்பது என்று கேட்டால், 1996-இல் தொடங்கி, பின்னோக்கி 1994-க்கும் 1992-க்கும் போங்கள், பிறகு 2007. அந்த ஆண்டு ஆகஸ்டில் வந்த 'அண்டர்கிரவுண்ட் கிங்ஸ்' என்ற இரட்டை ஆல்பம் பில்போர்டில் முதலிடம் பிடித்தது. அவுட்காஸ்ட் குழுவுடன் சேர்ந்து பாடிய கல்யாணப் பாட்டு அதில்தான் இருக்கிறது. எளிதாகக் கவர்வது அதுதான், ஆனாலும் முதலில் கேட்க வேண்டாம் என்பேன். அதன் மினுமினுப்புக்குப் பழகிய காதுக்கு 1996-இன் நிதானம் அலுப்பாகத் தோன்றும். 2007 டிசம்பர் 4 அன்று பிம்ப் சி லாஸ் ஏஞ்சலஸ் அருகே ஓட்டல் அறையில் இறந்து கிடந்தார். தூக்கத்தில் மூச்சு தடைப்படும் கோளாறும் கோடீன் கலந்த இருமல் மருந்தும் சேர்ந்து கொன்றன. வயது 33. 2009-இல் வந்த கடைசி ஆல்பத்தை எல்லாவற்றுக்கும் பிறகு கேட்டால் போதும்.

என் பைப் ஃபிட்டர் நண்பர் இந்த வரிசையை ஒப்புக்கொள்ளவே மாட்டார். அவருக்கு 1994-இன் 'சூப்பர் டைட்' தான் பெரிது. 'ரைடின் டர்ட்டி' வெளியூர்க்காரர்கள் ரசிக்கிற ஆல்பம், 'சூப்பர் டைட்' ஊர்க்காரர்களுடையது என்கிறார். அப்படியானால் வண்டியில் ஏன் எப்போதும் 1996-ஐயே ஓடவிடுகிறீர்கள் என்று கேட்டேன். "நீ வண்டியில் இருக்கிறாயே, அதனால்தான்" என்றார்.